பிளேடு படாத பக்கங்கள்

வீட்டிலேயே முதல் ஆளாக எழுத்துக் கூட்டிப் படித்து வளர்ந்த என் வயதுப் பெண்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. எட்டு வயதிலேயே நம் கையில் காகிதங்களைத் திணித்துவிடுவார்கள். கரண்ட் பில், ஆஸ்பத்திரிச் சீட்டு, மாத்திரை அட்டையின் பின்பக்கம், கார்ப்பரேஷன்காரன் கதவில் ஒட்டிவிட்டுப் போன கன்னட நோட்டீஸ். "படி பாப்பா" என்பார்கள். எது எழுதியிருந்தாலும் நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். நாம் "தெரியல" என்றால் அந்த வீட்டில் அதற்குமேல் கேட்க ஆள் கிடையாது. அதனால் நீங்களும் எப்போதாவது தெரியாத ஒன்றைத் தெரிந்ததுபோலப் படித்துக் காட்டியிருப்பீர்கள். நான் ஒரு கோடை விடுமுறை முழுக்க அதைச் செய்தேன். எனக்கு அப்போது பன்னிரண்டு வயது.

விவேக் நகரில் குழந்தை இயேசு கோயிலுக்குப் பின்னால் ஆறு குடித்தனங்கள் ஒரே குழாயைப் பங்குபோட்டுக்கொண்ட காம்பவுண்டில் இருந்தோம். வியாழக்கிழமை நவநாள் செபத்துக்கு வரும் கூட்டத்தின் மெழுகுவர்த்திப் புகை எங்கள் அடுப்படி வரைக்கும் வரும். அப்பா வீடு மாற்றிக் கொடுக்கும் கம்பெனியில் லோடர். பீரோவை முதுகில் ஏற்றிக்கொண்டு நான்கு மாடி இறங்குவார். ஏழாம் வகுப்புப் பரீட்சை முடிந்த வாரத்தில் ஒரு நாள் அவர் முதுகில் பீரோவுக்குப் பதிலாக ஓர் அட்டைப்பெட்டி இருந்தது.

"இன்னா இது, பழைய பேப்பர் கடை வெக்கப் போறியா?" என்றாள் அம்மா.

"ஃபுல்லா இங்கிலீஷ் புக்கு. நாப்பத்தி மூணு. எண்ணிட்டேன்."

ஃப்ரேசர் டவுனில் தனியாக இருந்த ஒரு பெரியவர் இறந்துபோய், அவருடைய மகன் வீட்டைக் காலி செய்திருக்கிறார். டிவி, ஃப்ரிட்ஜ், சோபா எல்லாவற்றையும் லாரியில் ஏற்றச் சொன்னவர், புத்தகங்களை மட்டும் "யாருக்கு வேணுமோ எடுத்துக்கோங்க" என்று சொல்லிவிட்டாராம். என் பெண் படிப்பாள் என்று சொல்லி அப்பா வாங்கி வந்திருந்தார். இப்போது நினைத்தால் அந்த மகன்மேல் எனக்குக் கோபம்கூட வருகிறது. அவை என்ன மொழி என்று ஒரு வார்த்தை அவர் சொல்லியிருக்கலாம். ஒருவேளை அவருக்கும் தெரியாதோ என்னவோ.

பெட்டியைத் திறந்ததும் பழைய பெட்டி வாசனையும் கொஞ்சம் சிகரெட் வாசனையும் வந்தன. மாட்டுத்தோல் அட்டை போட்டு ஓரத்தில் தங்க நிறம் பூசிய மிகப் பழைய புத்தகங்கள் இருந்தன. கறுப்பு அட்டையில் சிவப்புக் கை ஒன்று மட்டும் வரைந்த சின்னப் புத்தகங்கள் இருந்தன. படமே இல்லாத, வெள்ளை அட்டை போட்ட ஒல்லிப் புத்தகங்களும் இருந்தன. எல்லாவற்றின் முதுகிலும் பெயர் கீழிருந்து மேலாக ஏறியது. படிக்க, கழுத்தை இடப்பக்கம் சாய்க்க வேண்டியிருந்தது. சிலவற்றில் பக்கங்கள் பிரியவே இல்லை. பசை போட்டு ஒட்டியது அல்ல. மடித்த காகிதத்தை மடிப்பில் வெட்டாமலே தைத்து அட்டை போட்டிருந்தார்கள். படிக்கிறவர்தான் பக்கம் பக்கமாக அறுத்துத் திறக்க வேண்டும். அது அச்சுப் பிழை என்று நினைத்தோம். அப்பா தன் ஷேவிங் பிளேடைப் பாதியாக உடைத்து, ஒரு பக்கம் காகிதம் சுற்றிக் கொடுத்தார்.

"பாத்து அறு. கையக் கிழிச்சுக்காத."

அன்று சாயங்காலமே தோல் அட்டைப் புத்தகம் ஒன்றைத் திறந்தேன். எழுத்தெல்லாம் தெரிந்த எழுத்து. ஏ இருந்தது, பி இருந்தது. ஆனால் எந்தச் சொல்லும் எனக்குள் இறங்கவில்லை. நான் தமிழ் மீடியம். இங்கிலீஷ் ஒரு பாடம் மட்டும்தான். அதில் வகுப்பிலேயே முதல் மார்க் எனக்கு. அந்த முதல் மார்க் இத்தனை பொய்யா? சில எழுத்துகளின் தலையில் சின்னச் சின்னக் கோடுகள் இருந்தன. ஈ எச்சம் என்று நினைத்து நகத்தால் சுரண்டினேன். போகவில்லை. பெரிய படிப்புப் படித்தவர்களின் இங்கிலீஷ் இப்படித்தான் தலையில் கோடு போட்டிருக்கும்போல, எங்கள் பள்ளியில் கோடு போடாத சின்ன இங்கிலீஷைத்தான் சொல்லிக்கொடுத்து ஏமாற்றிவிட்டார்கள் என்று தீர்மானித்தேன்.

ஒரு சொல்கூடத் தெரியாமல் இருந்திருந்தால் இது வேறு ஏதோ மொழி என்று சந்தேகப்பட்டிருப்பேன். ஆனால் பக்கத்துக்கு இரண்டு மூன்று சொற்கள் தெரிந்தன. டேபிள், பேஜ், ஆரஞ்ச், சைலன்ஸ். அவைதான் என்னைக் கெடுத்தன. இங்கிலீஷ்தான் என்று அவை சத்தியம் செய்தன. பள்ளி அகராதியை எடுத்து வைத்துத் தேடினால் பத்தில் ஒன்பது சொற்கள் அதில் இல்லை. கிடைத்த ஒன்று 'பெய்ன்'. அதற்கு 'வலி' என்று அர்த்தம் போட்டிருந்தது. அந்தச் சொல் எல்லாப் புத்தகங்களிலும் வந்தது. அவர்கள் வலியைக் கடையில் வாங்கினார்கள், மேசைமேல் வைத்தார்கள். அந்தப் புத்தகங்களைத் தொடவே பயமாகிவிட்டது. அந்த மொழியில் அதே எழுத்துகளுக்கு அர்த்தம் ரொட்டி என்று தெரிய எனக்குப் பல வருடம் ஆனது.

பள்ளி டீச்சரிடம் கேட்டிருக்கலாமே என்பீர்கள். டீச்சர் பூசைக்கு எங்கள் கோயிலுக்குத்தான் வருவார். அப்பாவிடம் சொல்லிவிட்டால்?

அப்பாவுக்கு அது தெரிந்தால் நடக்கப்போவது எனக்குத் தெரியும். அத்தை, அப்பாவின் தங்கை, தொம்மலூர்ப் பக்கம் ஒரு ஃப்ளாட்டில் சமையல் வேலை செய்தாள். புத்தகப் பெட்டி வந்த அதே வாரம் அவளும் வந்தாள்.

"அண்ணா, சொல்றத கேளு. ரெண்டு வயசுக் கொழந்த. தூக்கி வெச்சுக்கணும், அவ்ளோதான். அங்கியே சாப்பாடு, அங்கியே படுக்கை. நல்ல ஜனம். ஏழாவது பாஸ் பண்ணிட்டா இல்ல, போதும். நாமல்லாம் எந்தக் காலேஜுக்குப் போய்க் கிழிச்சோம்?"

அம்மா அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டே அப்பாவைப் பார்த்தாள். அப்பா பெட்டியைக் காட்டினார்.

"இந்தப் புக்கெல்லாம் படிச்சுக் கதை சொல்லட்டும். இங்கிலீஷ் வந்துடுச்சுன்னா கான்வென்ட்டுல எட்டாவது போடறேன். வரலன்னா, நீ சொல்றபடி கூட்டிக்கினு போ."

அந்த ஃப்ளாட்டுக்கு அத்தையோடு ஒருமுறை போயிருக்கிறேன். பதினோராவது மாடி. லிஃப்ட் கதவு மூடும்போது என் காதும் மூடிக்கொண்டது. சமையலறைக்குப் பின்னால், ஜன்னல் இல்லாத அறை ஒன்றில், வாஷிங் மெஷினுக்கும் சுவருக்கும் நடுவே ஒரு பாய் சுருட்டி வைத்திருந்தது. அதற்கு முன்னால் அங்கே இருந்த பெண்ணின் பாய் அது. பாய் முழுக்க ஸ்டிக்கர் பொட்டுகள் ஒட்டியிருந்தன. அந்தப் பொட்டுகளைத்தான் அந்தக் கோடை முழுக்க நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, கறிச்சோறு தின்ற பிறகு, குழாயடியில் பாய் போட்டு என்னை உட்காரவைத்தார்கள். முதல் வாரம் தோல் அட்டைப் புத்தகம். அதில் குதிரை வண்டி, பெரிய பாவாடை கட்டிய சீமாட்டி, கையில் ஒரு கடிதம் என்று படங்கள் இருந்தன. முதலில் ஒரு பத்தியைச் சத்தமாக வாசித்தேன். எழுத்து எப்படியோ அப்படியே உச்சரித்தேன். பிறகு "இதோட அர்த்தம்" என்று தொடங்கி ஒரு ராணியை உருவாக்கினேன். என் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

பக்கத்து வீட்டு டெய்லர் மாமாவுக்கு எல்லாம் தெரிந்தாக வேண்டும். "ஏம்மா, ராணி காலையில இன்னா சாப்ட்டா? அது போட்டிருக்கா?"

"உப்புமா."

"வெள்ளக்காரி ராணிக்கு உப்புமாவா? பாவம், அவளுக்கும் அதே கதிதானா!"

எல்லோரும் சிரித்தார்கள். நான் அவசரமாகப் பக்கத்தைப் புரட்டினேன். அடுத்த வாரமும் அவர் விடவில்லை. "போன வாட்டி அந்தத் தொர பேரு வேற சொன்னியே?" அன்றிலிருந்து நான் சொன்ன பொய்யையெல்லாம் பழைய நோட்டுப் புத்தகத்தில் எழுதி வைத்து மனப்பாடம் செய்தேன். பள்ளிப் பாடத்துக்குக்கூட அப்படிப் படித்ததில்லை. சிவப்புக் கை புத்தகத்தைச் சிவாஜி நகர் கசாப்புக்கடையில் நடந்த கொலையாக்கினேன். பறக்கும் இயந்திரம் வரைந்திருந்ததை நிலாவுக்குப் போன ஒரு பாதிரியாரின் கதையாக்கினேன். படமில்லாத ஒல்லிப் புத்தகங்களை மட்டும் பெட்டியின் அடியில் தள்ளிவிடுவேன். அவற்றில் பிடித்துக்கொள்ள எதுவுமே இல்லை.

ஏழாவது ஞாயிறு அத்தையும் வந்து பாயில் உட்கார்ந்தாள். "ஃப்ளாட்டம்மா இந்த வாரம் முடிவு கேக்கறாங்க. பாப்போம், அப்பிடி என்னதான் படிக்கிறான்னு" என்றாள். அத்தை மற்றவர்களைப்போல் அல்ல. ஃப்ளாட்டில் இங்கிலீஷ் காதில் விழுந்து பழகியவள். அன்று நான் கையில் எடுத்திருந்தது பக்கம் பிரியாத புத்தகங்களில் ஒன்று. அட்டையில், விளக்கு பிடித்துக்கொண்டு சில ஆண்கள் படிக்கட்டில் இறங்கி நிலத்துக்கடியில் போகிறார்கள். பிளேடால் முதல் எட்டுத் தாள்களை மட்டும் அறுத்திருந்தேன். அதற்குள் கூப்பிட்டுவிட்டார்கள்.

ஒரு பத்தி வாசித்தேன். அத்தை புருவத்தை நெரித்தாள். "இது எங்க ஃப்ளாட்டு இங்கிலீஷ் மாதிரி இல்லியே" என்றாள்.

எனக்கு எதிரே எங்கள் வீட்டுக் கதவு திறந்திருந்தது. உள்ளே குழந்தை இயேசு படம். அதற்குப் பக்கத்து ஆணியில் ஒரு பித்தளை பில்லை. அப்பாவின் அப்பா கோலார் தங்கவயலில் சுரங்கத்துக்குள் இறங்கும்போது விளக்கு வாங்கக் கொடுக்கும் பில்லை அது. நான்கு எண்கள் அடித்திருக்கும். தாத்தாவை நான் பார்த்ததில்லை. தூசி தின்ற நுரையீரலோடு போய்ச் சேர்ந்தார் என்று கேள்வி. அந்தப் பில்லையைப் பார்த்ததும் என் வாய் தானாகப் பேசியது. நிலத்துக்கடியில் வேலை செய்யும் ஒருவன். கூண்டில் இறங்கும்போது அவன் காது அடைத்துப்போகும். மேலே வந்தால் வெயில் கூசி, பெற்ற பிள்ளைகளையே அடையாளம் தெரியாது. அவன் விளக்கு நம்பர் இது என்று அந்த நான்கு எண்களையும் சொன்னேன். அறுபடாத பக்கங்களைப் புரட்டுவதுபோல் விரலால் தள்ளித் தள்ளி, அவன் கடைசியாகக் கூண்டேறும் வரைக்கும் சொல்லி முடித்தேன்.

அப்பா பாயில் முன்னால் நகர்ந்து வந்தார்.

"இன்னா நம்பர் சொன்ன?" என்றார் அப்பா.

திருப்பிச் சொன்னேன்.

"அது புக்குல போட்டிருக்கா?"

ஏதோ ஒரு வரியில் விரலை வைத்தேன். "எழுத்துல போட்டிருக்குப்பா."

அப்பா அந்த வரியைத் தொட்டுப் பார்த்தார். பீரோ தூக்கிக் காய்த்துப்போன விரல். அத்தை நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டு அழுதாள். தாத்தா அவளுக்கும் அப்பாதானே. மூக்கைச் சிந்திவிட்டு, "அண்ணா, புள்ளைய ஸ்கூல்ல சேத்துடு. ஃப்ளாட்டுக்கு நான் வேற ஆள் பாக்கறேன்" என்றாள்.

நான் ஜெயித்துவிட்டேன். ஆனால் இரண்டு நாளுக்குச் சோறு இறங்கவில்லை. அந்தப் புத்தகத்தை அப்பா என்னிடம் திருப்பித் தரவில்லை. பிளாஸ்டிக் கவரில் சுற்றி, குழந்தை இயேசுவுக்குப் பக்கத்தில் வைத்து மெழுகுவர்த்தி ஏற்றினார்.

கான்வென்ட்டில் சேர்க்கப் போன அன்று அதையும் எடுத்துக்கொண்டார். தலைமை சிஸ்டர் அறையில் மின்விசிறி மெதுவாகச் சுற்றியது. "சிஸ்டர், எங்கப்பா மைன்ஸ் ஆளு. அவரு கதை இந்த இங்கிலீஷ் புக்குல வந்திருக்கு. எம் பொண்ணுதான் படிச்சுக் கண்டுபிடிச்சா" என்று கவரைப் பிரித்து நீட்டினார். சிஸ்டர் புத்தகத்தைத் திறந்தார். ஒரு பக்கம் படித்தார். கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். என் பாவாடை நாடாவை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். மூத்திரம் வந்துவிடும்போல் இருந்தது.

"நீங்க போய் ஆபீஸ்ல ஃபார்ம் வாங்கிட்டு பன்னி" என்று, 'வாங்க' என்பதைக் கன்னடத்தில் சொல்லி அப்பாவை வெளியே அனுப்பிவிட்டு, சிஸ்டர் மெதுவாகச் சொன்னார்: "இது இங்கிலீஷ் அல்ல, பாப்பா. ஃப்ரெஞ்சு. நிஜமா உனக்குத் தெரியாதா?"

தெரியாது என்று தலையை ஆட்டினேன். மாட்டிக்கொண்டோம் என்ற பயமும், அப்படியென்றால் நான் முட்டாள் இல்லை என்ற நிம்மதியும் ஒரே மூச்சில் வந்தன. மேசையில் கிடந்த இங்கிலீஷ் பேப்பரைக் கொடுத்து வாசிக்கச் சொன்னார். தட்டுத் தடுமாறி வாசித்தேன், முக்கால்வாசிக்கு அர்த்தமும் சொன்னேன். "ஜூன்ல வா. அப்பாகிட்ட நான் சொல்ல மாட்டேன். நீயேதான் சொல்லணும்" என்றார்.

நல்ல மனுஷிதான். ஆனால் பன்னிரண்டு வயதுப் பெண்ணின் தலையில் அதை வைத்திருக்க வேண்டாம். அன்றைக்கே அவர் சொல்லியிருந்தால் அப்பா ஒரு நாள்தான் வருத்தப்பட்டிருப்பார். நான் நாளைக்குச் சொல்லலாம், அடுத்த ஞாயிறு சொல்லலாம் என்று தள்ளிப்போட்டேன். அப்படியே பதினெட்டு வருடம் போய்விட்டது.

நடுவில் விவேக் நகரிலிருந்து லிங்கராஜபுரத்துக்கு வீடு மாறினோம். ஊருக்கெல்லாம் ஓர் ஊசி தொலையாமல் சாமான் ஏற்றிக் கொடுத்தவர் அப்பா. சொந்த வீட்டுச் சாமானில் அந்தப் பித்தளை பில்லை தொலைந்துபோனது. மூன்று நாள் ஒவ்வொரு மூட்டையாகக் கொட்டித் தேடினார். கடைசியில், "போனாப் போவுது. நம்பரு புக்குல இருக்கில்ல" என்றார். நான் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தேன். திரும்பிப் பார்க்கவில்லை.

பி.காம் முடித்ததும் ஃப்ரெஞ்சு வகுப்பில் சேர்ந்தேன். இப்போது தொம்மலூரில் ஓர் அலுவலகத்தில், பார்சல் வரவில்லை என்று கத்தும் ஃப்ரெஞ்சுக்காரர்களுக்கு அவர்கள் மொழியிலேயே சமாதானம் சொல்கிறேன். என்னோடு வேலை செய்கிறவர்களில் பலர் எல்.கே.ஜி.யிலிருந்தே கான்வென்ட்டில் படித்தவர்கள். என் உச்சரிப்பு அவர்களுடையதைவிடச் சுத்தம். அதைச் சொல்வதில் எனக்கு வெட்கமில்லை. பெட்டியில் கறையான் தின்றது போக மிஞ்சிய முப்பத்தொரு நாவல்களையும் படித்துவிட்டேன். கடித ராணி ராணியே இல்லை. அவள் கடனில் மூழ்கிய ஒரு விதவை. கதை முழுக்கக் கடிதங்களாகவே போகிறது, ஒவ்வொன்றிலும் ஒரு பொய். சிவப்புக் கை புத்தகத்தில் கொலையே நடப்பதில்லை. நிலாவுக்குப் போகிறவர் வட்டிக்கடைக்காரர். நான் ஒதுக்கிய அந்த ஒல்லிப் புத்தகங்கள்தான் என்னைப் பிடித்துக்கொண்டன. ஒன்றில், ஒரு பெண் நூறு பக்கத்துக்குக் கதவு தட்டும் சத்தத்துக்காகக் காத்திருக்கிறாள், அவ்வளவுதான். அவள் பயம் எனக்கு நன்றாகத் தெரிந்த பயம். குழந்தை இயேசு பக்கத்தில் இருந்த ஒன்றை மட்டும் நான் படிக்கவில்லை. அப்பா யாரையும் தொடவிட்டதில்லை.

போன மாதம் அப்பாவுக்குக் கண்ணில் புரை எடுத்தார்கள். பார்வை பளிச்சென்று வந்துவிட்டது. போன ஞாயிறு பூசை முடிந்து வந்து, குழந்தை இயேசு படம் இருந்த மாடத்தைத் துடைக்கிறேன் என்று ஏறினார். நான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன்.

"பாப்பா, இங்க வா."

கவர் பிரிந்திருந்தது. புத்தகத்தின் ஓரத்தைக் கட்டைவிரலால் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இதெல்லாம் ஒட்டிக்கினே இருக்குதே. பிளேடே படல. அன்னிக்குக் கடைசி வரைக்கும் எப்படிப் படிச்ச?"

பாருங்கள், எத்தனையோ விதமாக மாட்டிக்கொள்வேன் என்று நினைத்திருந்தேன். காகிதம் காட்டிக்கொடுக்கும் என்று நினைக்கவில்லை. கையிலிருந்த வெங்காயத்தைக் கீழே வைத்தேன். முப்பது வயது, சொந்தச் சம்பளம், ஆனாலும் அதே பயம். உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். அது இங்கிலீஷ் இல்லை, எனக்கு அன்று ஒரு வரியும் புரியவில்லை, ஃப்ளாட்டுக்குப் போகப் பயந்து சொன்னேன் என்று.  அப்பா புத்தகத்தை என்னிடம் நீட்டினார்.

"இப்பப் படி. நெஜமா இன்னா போட்டிருக்கு?"

அறுத்திருந்த பதினாறு பக்கங்களையும் படித்தேன். பக்கத்து ஊர் துரையின் ஒயினைக் குடிக்க, விளக்கோடு நிலவறைக்குள் இறங்கும் கிராமத்து ஆட்களின் வேடிக்கைக் கதை அது.

"குடிகாரங்க கதைப்பா."

"அடப்பாவி. பதினெட்டு வருஷமா குடிகாரனுங்களுக்கா மெழுகுவத்தி ஏத்துனேன்?" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். சட்டென்று நிறுத்திவிட்டுக் கேட்டார்.

"அப்ப எங்கப்பா இதுல இல்ல?"

"இல்லப்பா."

"வேற எதுலயாவது?"

"நான் படிச்ச வரைக்கும் இல்லப்பா."

"அந்த நம்பரு?"

"ஆணியில பில்லை தொங்கிச்சுல்ல, அதப் பாத்துச் சொன்னேன்."

வெறும் சுவரைப் பார்த்தார். பில்லை தொங்கிய விவேக் நகர் வீட்டுச் சுவர் இது இல்லை என்பதை அவர் மறந்துவிட்டார். பிறகு குரலைத் தாழ்த்தி, ஏதோ தப்புச் செய்தவர்போலச் சொன்னார்: "எனக்கு மறந்துபோச்சு பாப்பா. புக்குல இருக்குதேன்னு நெனச்சி நான் ஞாபகம் வெச்சுக்கல. உனக்கு ஞாபகம் இருக்குதா?"

முதல் இரண்டும் ஒன்று, ஒன்று. அது நிச்சயம். கடைசி இரண்டு நாற்பத்தேழா, எழுபத்துநான்கா? அந்தப் பொய் நோட்டும் எப்போதோ பழைய பேப்பரோடு போய்விட்டது. எனக்கு எதிரில் அவர், புதுக் கண்ணால் இமைக்காமல் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார். "தெரியல" என்று சொல்ல வாயெடுத்தேன். அன்றுபோலவே நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

"ஆயிரத்து நூத்தி நாப்பத்தேழு" என்றேன்.

"எழுது. இதுலயே எழுது."

புத்தகத்தின் முதல் வெற்றுத் தாளில் தாத்தாவின் பெயரைத் தமிழில் எழுதி, கீழே அந்த எண்ணை எழுதினேன். அப்பா எண்களின்மேல் விரலை வைத்து, ஒவ்வொன்றாகத் தொட்டார்.

"அதான்" என்றார். "அதேதான்."

புத்தகத்தைக் கவரில் போட்டுப் பழைய இடத்திலேயே வைத்துவிட்டு வந்து, வெங்காயம் உரிக்க என் பக்கத்தில் உட்கார்ந்தார். மிச்சப் பக்கங்கள் இன்னும் அறுபடாமலே இருக்கின்றன. அன்றிலிருந்து பஸ்ஸில், அலுவலகத்தில், ஃப்ரெஞ்சுக்காரர்கள் போனில் கத்தும்போதுகூட, அந்த இரண்டு எண்களையும் முன்னும் பின்னுமாக மாற்றி மாற்றிச் சொல்லிப் பார்க்கிறேன்.